கொழிஞ்சாம்பாறைல இருந்து சுவிஸ் விசா: ஒருவாட்டி ரிஜெக்ட் ஆகி மறுவாட்டி கிடைச்ச கதை

எங்க ஊரு கொழிஞ்சாம்பாறைங்க, பாலக்காடு ஜில்லா சித்தூர் தாலுக்கா. வீட்ல பேசறது தமிழ், பத்திரம் ரசீதெல்லாம் மலையாளம், வேலைக்கு நான் டெய்லி வேலந்தாவளம் தாண்டி கோயம்புத்தூர் போய்ட்டு வர்றேன். 2025 செப்டம்பர்ல அம்மா அப்பாவ சுவிட்சர்லாந்து கூட்டிட்டுப் போனேன், ஆனா அதுக்கு ஆறு மாசம் முன்னாடி மூணு பேருக்கும் ஒரே நாள்ல விசா ரிஜெக்ட் ஆகி வந்துச்சு. ரிஜெக்ட் ஆனது, அப்பறம் கிடைச்சது, அந்த ரெண்டு ஃபைலயும் பக்கத்துல வெச்சுக்கிட்டுத்தான் இத எழுதறேன். எங்க பக்கத்துல விவசாயம் பாக்கறவங்க, பென்ஷன் வாங்கறவங்க நெறைய பேருக்கு வெளிநாடு போய் பாக்கணும்னு ஆச இருக்கு, கையில காசும் ஓரளவு இருக்கு, ஆனா "நமக்கெல்லாம் குடுக்க மாட்டாங்க"ன்னு பேப்பருக்கு பயந்தே விட்டுடறாங்க. அப்படி விட வேண்டியதில்ல.

அம்மா தமிழ் மீடியம் ஸ்கூல்ல சோசியல் டீச்சரா இருந்து 2019ல ரிட்டயர் ஆனவங்க. செவுத்துல மாட்டின மேப்ல குச்சி வெச்சு ஆல்ப்ஸ் மலைய காட்டி காட்டியே வருசம் போச்சு, ஒருவாட்டி நேர்ல பாத்துட்டா போதும்னு சொல்லிட்டே இருப்பாங்க. அப்பாவுக்கு மூணு ஏக்கர் நெலம், தென்னையும் கொஞ்சம் நெல்லும், ரெண்டு மாடு. அப்பா ஊர விட்டு நாலு நாள் வெளிய இருந்ததே கம்மி. அம்மா போறாங்கன்னா நானும் வர்றேன்னு சொன்னதே எங்களுக்கு பெரிய விஷயம்.

முதல் தடவ எனக்கு ஆபீஸ்ல வேல ஜாஸ்தி, அதனால ஒரு ஏஜெண்ட்டுகிட்ட குடுத்துட்டேன். அவரு சொன்னதெல்லாம் கேட்டுட்டேன், இது தான் நான் பண்ண பெரிய தப்பு. எங்க பிளான் சுவிட்சர்லாந்துல எட்டு ராத்திரி, பாரிஸ்ல மூணு ராத்திரி. சுவிஸ்க்கு அப்பாயின்ட்மென்ட் லேட்டா தான் கிடைக்குது, பிரான்ஸ்க்கு சீக்கிரம் கிடைக்குது, எந்த நாட்டு விசா எடுத்தாலும் எல்லா நாட்டுக்கும் போகலாமே, பிரான்ஸ்ல போட்டுடலாம்னாரு. ஷெங்கன் (ஒரே விசால போய்ட்டு வரக்கூடிய ஐரோப்பா நாடுங்களோட கூட்டு) ரூல் என்னன்னா எந்த நாட்டுல அதிக நாள் தங்கறீங்களோ அந்த நாட்டுல தான் அப்ளை பண்ணணும், நாள் சமமா இருந்தா முதல்ல எந்த நாட்டுல எறங்கறீங்களோ அங்க. அது எனக்கு அப்ப தெரியாது, அவருக்கு தெரிஞ்சிருந்தும் ஹோட்டல் புக்கிங்க மட்டும் பாரிஸ்ல ஏழு ராத்திரின்னு மாத்திப் போட்டுட்டாரு. ஆனா கவரிங் லெட்டர்ல அம்மாவோட ஆச, இன்டர்லாக்கன், லூசர்ன், மலை, ரயில்னு முழுக்க சுவிட்சர்லாந்து தான் எழுதியிருக்கு. படிக்கறவங்களுக்கு இதுல எது நெஜம்னு எப்படித் தெரியும்?

பணத்துல அதவிட மோசம். அப்பா அக்கவுண்ட்ல அப்ப அறுபதாயிரம் சொச்சம் தான் இருந்துச்சு. "பேலன்ஸ் காட்டணும், ஒரு நாலு லட்சம் போட்டு வெயுங்க, விசா வந்ததும் எடுத்துக்கலாம்"னாரு ஏஜெண்ட். மாமாகிட்ட கைமாத்து வாங்கி, சப்மிட் பண்றதுக்கு எட்டு நாள் முன்னாடி மொத்தமா போட்டோம். மூணு மாச ஸ்டேட்மென்ட்ல எல்லாம் ரெண்டாயிரம் அஞ்சாயிரம்னு போய்ட்டு வந்துட்டு கடைசி வரியில மட்டும் நாலு லட்சம். இப்ப அந்த தாள பாத்தா எனக்கே சந்தேகம் வருது.

மார்ச் கடைசில பாஸ்போர்ட் திரும்பி வந்துச்சு, உள்ள ஒரு ஃபாரம். ஷெங்கன் நாடுங்க எல்லாத்துக்கும் ஒரே மாதிரி ஃபாரம் தான், காரணம் எல்லாம் வரிசையா அச்சடிச்சிருக்கும், நமக்கு பொருந்தறதுல டிக் போட்டிருப்பாங்க. எங்களுக்கு ரெண்டு டிக். ஒண்ணு, போற நோக்கம் பத்தியும் தங்கற ஏற்பாடு பத்தியும் குடுத்த தகவல் நம்பற மாதிரி இல்ல. ரெண்டாவது, விசா முடியறதுக்குள்ள திரும்பிப் போவாங்கங்கறதுல நியாயமான சந்தேகம் இருக்கு. ஆளுக்கு 90 யூரோ விசா ஃபீஸ் (2024 ஜூன்ல இருந்து பெரியவங்களுக்கு இது தான் ரேட், 6ல இருந்து 12 வயசுக்குள்ள புள்ளைங்களுக்கு 45), அதுக்கு மேல அப்ளிகேஷன் வாங்கற விசா சென்டரோட சர்வீஸ் சார்ஜ், எதுவும் திரும்ப வராது. அப்பா அந்த ரெண்டாவது டிக்க படிச்சு சொல்லச் சொல்லி கேட்டுட்டு ரொம்ப நேரம் பேசல. "மாட்டையும் தோப்பையும் போட்டுட்டு நான் அங்க போய் என்னத்த பண்ணப் போறேன், இவங்க எதுக்கு அப்படி நெனைக்கறாங்க"ன்னு மட்டும் கேட்டாரு. அந்த வார்த்தை எனக்கு ரொம்ப சுட்டுச்சு.

அன்னைக்கு ராத்திரி அம்மா அந்த ஃபைல் ஜெராக்ஸ் மொத்தத்தையும் நடு வீட்ல பாய் விரிச்சு பரப்பி, பரீட்ச பேப்பர் திருத்தற மாதிரி சிவப்பு பேனாவ எடுத்துட்டு உக்காந்துட்டாங்க. ஒவ்வொரு தாளா எடுத்து தேதி, பேர், தொகை மூணையும் வட்டம் போட்டாங்க. ரெண்டு மணி நேரம் ஆச்சு. கடைசில சொன்னாங்க, "ஏங்கண்ணு, இந்த பேப்பர மட்டும் வெச்சுப் பாத்தா உங்கப்பா யாருன்னே தெரியலியே. தோட்டம் இருக்குன்னு எங்கயுமே இல்ல, நான் வாத்தியாருன்னு எங்கயுமே இல்ல. நாமளே இந்த வீட்டுக்காரங்கள நம்ப மாட்டோம்." நான் அப்ப தான் புரிஞ்சுக்கிட்டேன். பாக்கற ஆபீசருக்கு கொழிஞ்சாம்பாறை எங்க இருக்குன்னு தெரியாது, தென்னந்தோப்பு வெச்சிருக்கிறவன் எப்படி சம்பாரிக்கறான்னு தெரியாது, அவங்களுக்கு நாம நம்ம வாழ்க்கைய பேப்பர்லயே படிச்சுக் காட்டணும். இல்லாத பணத்த காட்டப் போயி இருக்கிறத காட்டாம விட்டுட்டோம்.

ரெண்டாவது தடவ சுவிட்சர்லாந்துக்கே நாங்களே போட்டோம், ஏப்ரல்ல ஆரம்பிச்சு ஜூலைல சப்மிட். போறதுக்கு ஆறு மாசம் முன்னாடில இருந்து அப்ளை பண்ணலாம், கடைசி 15 நாளுக்குள்ள முடியாது. முடிவு சாதாரணமா 15 நாள், மேல ஏதாவது பாக்கணும்னா 45 நாள் வரைக்கும் போகும். அதனால டிராவல் தேதிக்கு ரெண்டு மூணு மாசம் முன்னாடியே குடுத்துட்டா நிம்மதி.

முதல்ல பேர். இது எங்க எல்லைப் பக்கத்து ஆளுங்க எல்லாருக்கும் இருக்கிற தலைவலி. அப்பா பேரு "சாமி"ன்னு முடியும். பாஸ்போர்ட்ல இங்கிலீஷ்ல எஸ்-டபிள்யூ-ஏ-எம்-ஒய். ஆதார்ல எஸ்-ஏ-எம்-ஐ. பேங்க்ல எஸ்-ஏ-எம்-ஒய். வில்லேஜ் ஆபீஸ்ல கரம் (நெல வரி) அடைச்ச ரசீதுல மலையாளத்துல "ஸ்வாமி", அத மொழிபெயர்த்தவரு எஸ்-டபிள்யூ-ஏ-எம்-ஐ ன்னு போட்டுட்டாரு. ஒரே மனுசன், நாலு பேர். இனிஷியல் வேற, ஒண்ணுல முன்னாடி ஒண்ணுல பின்னாடி, பாஸ்போர்ட்ல அதையே முழுசா விரிச்சு தாத்தா பேர் சர்நேம்ல. அம்மாவுக்கு இன்னும் சிக்கல், பென்ஷன் ஆர்டர்ல அவங்க அப்பா இனிஷியல், பாஸ்போர்ட்ல எங்க அப்பா பேர் சர்நேமா இருக்கு. தமிழ்நாட்டுல யாரும் இத பெருசா கண்டுக்க மாட்டாங்க, ஆனா சர்நேம் கிவன்நேம்னு பிரிச்சே பாத்துப் பழகின ஊர்க்காரங்களுக்கு இது ரெண்டு வேற பொம்பளைங்க.

நாங்க என்ன பண்ணோம்னா பாஸ்போர்ட்ல இருக்கிறது தான் பேரு, மத்ததெல்லாம் அதுக்கு ஒத்து வரணும்னு முடிவு பண்ணிட்டோம். பேங்க்ல பாஸ்போர்ட் காப்பி குடுத்து கேஒய்சில பேர மாத்தினோம். ஆதார்லயும் மாத்தினோம், ஆதார்ல பேரு வாழ்நாள்ல ரெண்டே தடவ தான் மாத்த விடுவாங்க, அதனால எழுத்துக் கூட்டி நல்லா பாத்துட்டு குடுங்க. நெலத்துப் பேப்பர தொட்டா அது வேற வழியில இழுத்துட்டுப் போயிடும், அத தொடல. அதுக்கு பதிலா வில்லேஜ் ஆபீஸ்ல "ஒன் அண்ட் சேம்" சர்டிபிகேட் வாங்கினோம், இந்தப் பேர்ல இருக்கிறவரும் அந்தப் பேர்ல இருக்கிறவரும் ஒரே ஆளுன்னு வில்லேஜ் ஆபீசர் எழுதிக் குடுக்கறது. கேரளாவுல இருக்கிற நம்ம ஆளுங்களுக்கு இத விட உபயோகமான தாள் கிடையாதுன்னு சொல்லுவேன். அக்ஷயா சென்டர்ல (கேரளாவோட இ-சேவை மையம்) இ-டிஸ்ட்ரிக்ட் சைட்ல போட்டா போதும், ரெண்டு ஸ்பெல்லிங்கும் இருக்கிற ஆதாரத்த ஸ்கேன் பண்ணிக் குடுக்கணும், ஒருவாட்டி வில்லேஜ் ஆபீஸ்ல நேர்ல போய் நின்னுட்டு வந்தோம். அம்மாவுக்கும் அப்பாவுக்கும் தனித்தனியா எடுத்தோம்.

கல்யாண சர்டிபிகேட் எங்ககிட்ட இல்ல, கல்யாணம் பொள்ளாச்சி பக்கம் கோயில்ல நடந்தது, யாரும் பதியல. அதுக்கு பதட்டப்படல, ரெண்டு பேர் பாஸ்போர்ட் கடைசி பக்கத்துலயும் ஸ்பவுஸ் பேர் இருந்துச்சு, என் பாஸ்போர்ட் கடைசி பக்கத்துல அம்மா அப்பா பேர் இருக்கு, அந்த மூணு பக்கமும் ஜெராக்ஸ் எடுத்து ஒண்ணா வெச்சு குடும்பம்னு காட்டிட்டோம். நெறைய பேர் முதல் பக்கம் மட்டும் காப்பி எடுப்பாங்க, கடைசி பக்கத்த மறந்துடாதீங்க. பாஸ்போர்ட் பத்து வருசத்துக்குள்ள எடுத்ததா இருக்கணும், ஷெங்கன விட்டு கெளம்பற நாளுக்கு அப்பறம் மூணு மாசம் வேலிடிட்டி இருக்கணும், ரெண்டு பக்கம் காலியா இருக்கணும்.

அடுத்தது அப்பாவோட வருமானம், இதுல தான் எங்களுக்கு நாலு மாசம் போச்சு. அப்பாவுக்கு ஐடிஆர் (வருமான வரி ரிட்டர்ன்) கிடையாது. ஏஜெண்ட் அத மறைக்கப் பாத்தாரு, ஐடிஆர் இடத்துல ஒண்ணுமே வெக்காம விட்டுட்டாரு. விவசாய வருமானத்துக்கு வருமான வரி கிடையாது, அப்ப இருந்த 1961 வருமான வரிச் சட்டத்துல 10(1) பிரிவுலயே இருந்துச்சு. அத லெட்டர்ல ஒரே வரியில எழுதி, "அதனால ரிட்டர்ன் இல்ல, வருமானத்துக்கு ஆதாரமா இன்னின்ன வெச்சிருக்கேன்"னு சொன்னா முடிஞ்சது.

அந்த இன்னின்ன என்னங்கறது தான் கேள்வி. தேங்கா 45 நாளைக்கு ஒருவாட்டி வெட்டு, வியாபாரி வண்டி கொண்டாந்து எண்ணிட்டு ரொக்கமா குடுத்துட்டுப் போயிடுவாரு, அப்பா அத அரிசி டப்பாக்கு பக்கத்துல வெச்சு செலவு பண்ணிடுவாரு. நான் வியாபாரிகிட்ட போய் இனிமே அக்கவுண்ட்ல போட்டு விடுங்கண்ணான்னு கேட்டேன், அவரும் சரின்னாரு, சின்ன பில்லும் எழுதிக் குடுத்தாரு. ஏப்ரல்ல இருந்து ஜூலைக்குள்ள மூணு வெட்டு, மூணும் ஸ்டேட்மென்ட்ல வந்துடுச்சு. பால் காசு க்ஷீர சங்கத்துல இருந்து ஏற்கனவே அக்கவுண்டுக்கு தான் வந்துட்டு இருந்துச்சு, சங்கத்துல மெம்பர்னு ஒரு லெட்டர் வாங்கினோம். நெல்லு தான் வேடிக்க மாதிரி ஆச்சு. சப்ளைகோ (கேரள சர்க்காரோட சிவில் சப்ளைஸ்) நெல்ல எடுத்துட்டு பிஆர்எஸ்னு ரசீது குடுப்பாங்க, அத வெச்சு பேங்க்ல நம்ம பேர்ல லோனா பணம் வரும், அப்பறம் சர்க்கார் சைட்ல இருந்து பேங்குக்கு அடைப்பாங்க. ரெண்டாம் போக நெல்லுப் பணம் மே மாசம் வந்துச்சு, ஸ்டேட்மென்ட்ல பாத்தா "லோன்"னு இருக்கு. வெளிநாட்டு ஆபீசர் அத பாத்தா இந்தாளு டிரிப்புக்கு கடன் வாங்கியிருக்காருன்னு தான நெனப்பாரு. அம்மா தான் அத வட்டம் போட்டு கண்டுபிடிச்சாங்க. அந்த வரிக்கு பக்கத்துல பென்சில்ல "இணைப்பு 7"ன்னு எழுதி, பிஆர்எஸ் ரசீது காப்பியும், இது வித்த நெல்லோட கிரயம் தான்னு மூணு வரி வெளக்கமும் வெச்சோம்.

நெலத்துக்கு அந்த வருசம் கரம் அடைச்ச ரசீது, பொசஷன் சர்டிபிகேட் (நெலம் அப்பா கைவசம் இருக்குன்னு குடுக்கறது), ரெண்டும் எடுத்தோம். தண்டப்பேர் நம்பர் (வரிப் பதிவேட்டுல நம்ம கணக்கு நம்பர்), சர்வே நம்பர் ரெண்டு தாள்லயும் ஒண்ணா இருக்கான்னு பாத்துக்கங்க. அளவு 1 ஹெக்டேர் 21 ஆர் 40 சதுர மீட்டர்னு இருக்கும், மொழிபெயர்ப்புல ஏக்கருக்கு மாத்த வேண்டியதில்ல, அங்க ஹெக்டேர் தான் புரியும். மலையாளத்துல இருக்கிற எல்லாத்தையும் இங்கிலீஷ்ல மொழிபெயர்த்து நோட்டரி சீல் வாங்கினோம், மூலத்தோட காப்பிக்கு பின்னாடியே அந்த மொழிபெயர்ப்ப சேர்த்து பின் பண்ணோம். மொழிபெயர்க்கற ஆளுக்கு பாஸ்போர்ட் காப்பிய முதல்லயே குடுத்து "பேர இப்படித்தான் எழுதணும்"னு சொல்லிடுங்க, முன்னாடி எஸ்-டபிள்யூ-ஏ-எம்-ஐ வந்த வழி அது தான்.

அம்மா விஷயத்துல எனக்கே இப்ப நெனச்சா வருத்தமா இருக்கு. எங்க வீட்லயே உறுதியான வருமானம் அம்மாவோட பென்ஷன் தான், ஆனா அது ட்ரெஷரி அக்கவுண்ட்ல வருது. ஏஜெண்ட் "ட்ரெஷரின்னா அவங்களுக்கு புரியாது, பேங்க் மட்டும் வெப்போம்"னு அத முழுசா விட்டுட்டு, அம்மாவ ஹவுஸ் வைஃப்னு ஃபாரம்ல போட்டிருந்தாரு. முப்பது வருசம் பாடம் நடத்தினவங்க. பீரோவுல பென்ஷன் பேமென்ட் ஆர்டர் இருக்கு, ரிட்டயர் ஆனப்ப வந்த பணத்த ட்ரெஷரிலயே எஃப்டி போட்ட ரசீது இருக்கு, ஒண்ணும் ஃபைலுக்குள்ள போகல. மறுவாட்டி அதெல்லாம் தான் முதல் பக்கம். ட்ரெஷரில ஆறு மாச ஸ்டேட்மென்ட் சீல் கையெழுத்தோட வாங்கினோம், மே மாசத்துல இருந்து பென்ஷன் வந்ததும் அதுல ஒரு பங்க பேங்க் அக்கவுண்டுக்கு மாத்தினோம், ரெண்டுலயும் அதே தொகை அதே தேதி தெரியற மாதிரி. கேரள அரசு தன் ஊழியர்களுக்கு பென்ஷன் குடுக்கற அரசு கருவூலம்னு ஒரு வரி லெட்டர்ல. ஃபாரம்ல தொழில்ங்கற இடத்துல ரிட்டயர்ட் டீச்சர்.

எவ்வளவு பணம் காட்டணும்னு எல்லாரும் கேக்கறாங்க. சுவிட்சர்லாந்து ஒரு ஆளுக்கு ஒரு நாளைக்கு 100 ஃபிராங்க்னு கணக்கு வெச்சிருக்கு. மூணு பேர் 12 நாள்னா 3,600 ஃபிராங்க், அப்ப ரேட்டுக்கு நாலு லட்சம் கிட்ட. அத ஒரே அக்கவுண்ட்ல வெக்கணும்னு இல்ல. என் சேவிங்ஸ்ல ரெண்டரை, அம்மாவோடது பேங்க்லயும் ட்ரெஷரிலயும், அப்பாவோடது ஒரு லட்சம் சொச்சம், யார் எந்த செலவ பாக்கறாங்கன்னு நான் ஒரு ஸ்பான்சர் லெட்டர் எழுதி கையெழுத்து போட்டேன். டிக்கெட்டும் ஹோட்டலும் என்னோடது, மத்தது அம்மா. மாமாகிட்ட வாங்கினத திருப்பிக் குடுத்துட்டோம், அந்த நாலு லட்சம் வந்து போனது பழைய மாசத்துல இருந்துச்சு, அதையும் மறைக்காம எழுதினேன். பேங்க்ல ஸ்டேட்மென்ட் எடுக்கறப்ப ஒவ்வொரு பக்கத்துலயும் சீல் கேளுங்க. நாங்க போன கிளைல கடைசி பக்கத்துல மட்டும் அடிச்சுக் குடுத்தாங்க, திரும்பப் போய் மத்தியானம் வரைக்கும் நின்னு வாங்கினேன்.

என்னோடது சம்பளக்காரன் பேப்பர், அது எல்லாருக்கும் தெரிஞ்சது தான், மூணு மாச பே ஸ்லிப், ஃபாரம் 16, ஐடிஆர். கம்பெனி லெட்டர்ல மட்டும் கவனம். முதல்ல குடுத்த லெட்டர்ல இவர் இங்க வேலை செய்யறாருன்னு மட்டும் இருந்துச்சு. எந்த தேதில சேந்தாரு, என்ன பதவி, எந்த தேதில இருந்து எந்த தேதி வரைக்கும் லீவு சேங்க்ஷன் ஆச்சு, எந்த தேதில திரும்ப வேலைக்கு வரணும், இந்த நாலும் இருக்கணும், லெட்டர்ஹெட்ல சீலோட. திரும்பி வருவாருங்கறதுக்கு இத விட நேரடியான சாட்சி வேற இல்ல. அப்பாவுக்கு யாரு லீவு லெட்டர் குடுப்பாங்க? அவருக்கு அக்டோபர் வெட்டும், முதல் போக அறுப்பும் தான் திரும்பி வர்ற காரணம், அதையே எழுதினோம். மாட்ட 12 நாள் பாத்துக்கறது மாமான்னு கூட எழுதினேன், அம்மா வேண்டாம்னாங்க, நான் எடுக்கல. அது உண்மை தானே.

ஹோட்டல் புக்கிங்ல மூணு பேர் பேரும் வரணும். ஆன்லைன்ல புக் பண்ணா புக் பண்றவர் பேர் மட்டும் தான் வரும், "பெரியவங்க 3"ன்னு போட்டிருக்கும், ஹோட்டலுக்கு மெசேஜ் அனுப்பி மத்த ரெண்டு பேரையும் சேக்கச் சொன்னா சேத்துடுவாங்க. கேன்சல் பண்ணா காசு திரும்ப வர்ற ரூமா எடுங்க, ஆனா விசா வர்ற வரைக்கும் கேன்சல் பண்ணாதீங்க, அவங்க செக் பண்ணலாம். ஃப்ளைட்டுக்கு ஏர்லைன்லயே கொஞ்சம் காசு கட்டி ஹோல்ட் பண்ணி வெச்சோம். முதல் ஃபைல்ல இருந்த பிஎன்ஆர நான் அப்பறமா ஏர்லைன் சைட்ல போட்டுப் பாத்தேன், அப்படி ஒரு புக்கிங்கே இல்லன்னு வந்துச்சு. அந்த மாதிரி தாள் ஒண்ணு உள்ள இருந்தா மத்த நெஜமான பேப்பர் எல்லாத்தையும் அது கெடுத்துடும்.

இன்சூரன்ஸ் குறைஞ்சது 30,000 யூரோ கவர் இருக்கணும், ஆஸ்பத்திரி செலவு, உடல்நிலை மோசமானா ஊருக்கு கொண்டு வர்ற செலவு எல்லாம் சேத்து, எல்லா ஷெங்கன் நாட்டுக்கும் செல்லணும். தேதிய பாத்துப் போடுங்க. கொச்சில ராத்திரி ஏறினா மறுநாள் தான் அங்க எறங்கறோம், திரும்பறப்பவும் அப்படியே, ஃபாரம்ல ஒரு தேதி இன்சூரன்ஸ்ல ஒரு தேதி லீவு லெட்டர்ல ஒரு தேதின்னு ஆயிடும். அம்மா ஒரு நோட்டுல பன்னெண்டு கட்டம் போட்டு ஒவ்வொரு நாளுக்கும் எங்க எந்திரிக்கறோம், எந்த ரயிலு, எங்க படுக்கறோம்னு எழுதினாங்க, அந்த கட்டத்த வெச்சே எல்லா தாளையும் ஒத்துப் பாத்தோம். அதே கட்டத்த டைப் பண்ணி ஃபைல்ல வெச்சோம்.

ஃபோட்டோ 35க்கு 45 மில்லிமீட்டர், வெள்ளை பேக்ரவுண்டு, மூஞ்சி படத்துல முக்காவாசி இடத்த பிடிக்கணும், ஆறு மாசத்துக்குள்ள எடுத்தது. ஸ்டுடியோல கேக்காமயே அப்பாவோட கன்னத்து மச்சத்த எடுத்துட்டு கலரையும் ஏத்தி விட்டுட்டாங்க, வேண்டாம்னு சொல்லி மறுபடி எடுத்தோம்.

கைரேகை பத்தி தனியா சொல்லணும், விவசாயம் பாக்கறவங்க வீட்ல இத முன்கூட்டியே யோசிக்கணும். அது மார்ச்ல, முதல் தடவ. காலைல மூணு மணிக்கு காரெடுத்து குதிரான் டனல் தாண்டறப்ப இன்னும் இருட்டு, எட்டரைக்கெல்லாம் கொச்சில சென்டர் வாசல்ல நின்னோம். என்னோடதும் அம்மாவோடதும் ரெண்டே நிமிஷம். அப்பா கண்ணாடி மேல நாலு வெரல வெச்சாரு, சிவப்பு லைட். திரும்ப வெச்சாரு, சிவப்பு. நாப்பது வருசமா தேங்கா உரிச்ச கை, வெரல் நுனி எல்லாம் தேஞ்சு வழவழன்னு இருக்கும், ரேஷன் கடைலயும் மெசின் எடுக்காம ஓடிபி தான். பின்னாடி வரிசைல ஆளுங்க நிக்கறாங்க, அப்பாவுக்கு வேர்த்துடுச்சு, கைய வேட்டில தொடச்சுக்கிட்டே என்னப் பாத்தாரு. அந்த கவுண்டர்ல இருந்த பொண்ணு அவசரப்படுத்தல. எந்திரிச்சு வந்து ஈரத் துணில ஒவ்வொரு வெரலா தொடச்சு விட்டு, "அச்சா, பேடிக்கண்டா, பதுக்க அமர்த்தியா மதி"ன்னு (அப்பா, பயப்படாதீங்க, மெதுவா அமுத்தினா போதும்) சொல்லி அவங்க கையால அப்பா வெரல அமுத்திப் பிடிச்சாங்க. ஆறாவது தடவ பச்ச வந்துச்சு. ஷெங்கன்ல ஒருவாட்டி குடுத்த கைரேக 59 மாசத்துக்கு எடுத்துக்குவாங்க, அதனால ஜூலைல திரும்ப எடுக்கல. கை தேஞ்சவங்க போறதுக்கு ஒரு வாரம் முன்னாடில இருந்தே தேங்கா உரிக்கறது, சிமெண்ட், சுண்ணாம்பு இதெல்லாம் தொடாதீங்க, ராத்திரி எண்ணெய் தடவி காலைல சோப்பு போட்டு கழுவிட்டுப் போங்க.

கவரிங் லெட்டர் மூணு பேருக்கும் தனித்தனி, ஒவ்வொண்ணும் ஒரு பக்கத்துக்கு மேல இல்ல. நான் யாரு, எதுல சம்பாரிக்கறேன், எதுக்கு எங்க போறேன், யார் செலவு, எப்ப ஏன் திரும்பறேன், கீழ இணைப்பு நம்பர். ரெண்டாவது பத்திலயே மார்ச்ல ரிஜெக்ட் ஆனத எழுதிட்டோம். அவங்க சிஸ்டத்துல அஞ்சு வருசம் வரைக்கும் அந்த ரெக்கார்டு இருக்கும், நாம சொல்லலன்னாலும் தெரியும். அப்ப எந்த நாட்டுல போட்டோம், உண்மையில எங்க அதிக நாள் தங்கறோம், அந்த நாலு லட்சம் என்னது, இப்ப என்ன மாத்தியிருக்கோம், அஞ்சு வரி. யார் மேலயும் பழி போடல, ஏஜெண்ட் பேர் எடுக்கல, கையெழுத்து போட்டது நாங்க தானே.

பதினேழாவது நாள் கூரியர் வந்துச்சு. அப்பா தோப்புல இருந்தாரு, அம்மா கவர பிரிக்காம அவரு வர்ற வரைக்கும் கையிலயே வெச்சிருந்தாங்க. மூணு பேருக்கும் ஸ்டிக்கர் இருந்துச்சு.

ஸ்டிக்கர் வந்த உடனே பேர், பாஸ்போர்ட் நம்பர் எழுத்து எழுத்தா ஒத்துப் பாருங்க. ஃப்ரம், அன்டில்னு ரெண்டு தேதி இருக்கும், அதுக்குப் பக்கத்துல எத்தன நாள் தங்கலாம்னு தனியா ஒரு எண் இருக்கும். அன்டில் தேதில பதினஞ்சு நாள் கூடுதலா விட்டிருப்பாங்க, அது டிக்கெட் மாறினா உபயோகப்படறதுக்கு, அது வரைக்கும் தங்கலாம்னு அர்த்தம் இல்ல. எண் 12ன்னா உள்ள நொழைஞ்ச நாளும் வெளிய வந்த நாளும் சேத்து 12 தான். இந்தியாக்காரங்களுக்கு 2024 ஏப்ரல்ல ஒரு ரூல் கொண்டாந்தாங்க, மூணு வருசத்துக்குள்ள ரெண்டு விசா வாங்கி ஒழுங்கா போய்ட்டு வந்திருந்தா அடுத்தது ரெண்டு வருச மல்டிபிள் என்ட்ரி கிடைக்க வழி இருக்கு. அதனால நாள் கணக்குல வெளையாடாதீங்க.

ஃபைலோட ஒரு செட் ஜெராக்ஸ கைப் பைல வெச்சுட்டுப் போனோம். ஜூரிச்ல எறங்கினப்ப கவுண்டர்ல எத்தன நாள், எங்க தங்கறீங்கன்னு கேட்டாங்க, அம்மா அவங்க கட்டம் போட்ட தாள எடுத்து நீட்டினாங்க, அவரு மேல இருந்து கீழ வெரல் வெச்சு படிச்சுட்டு சீல் அடிச்சாரு. லூசர்ன் போற ரயில்ல அம்மா ஜன்னல் பக்கம் உக்காந்துட்டாங்க, ரொம்ப தூரம் பேசவே இல்ல.

இப்ப மீனாட்சிபுரத்துல இருக்கிற அக்காவும் மாமாவும் வர்ற ஏப்ரலுக்கு போகணும்னு கேட்டிருக்காங்க. போன வாரம் வந்தப்ப மாமா பேங்க் பாஸ்புக்க எடுத்துட்டு வந்தாரு, அத அப்பறம் பாக்கலாம், முதல்ல பாஸ்போர்ட்டையும் கரம் ரசீதையும் கொண்டாங்க, பேர் ரெண்டுலயும் ஒண்ணா இருக்கான்னு பாப்போம்னு சொல்லி அனுப்பியிருக்கேன்.